நோர்வே ஒளிப்பதிவாளர்களில் உங்களுக்குப் பிடித்தவர் யார், அவருடைய வேலையில் அப்படி என்ன இருக்கிறது?

ஸ்தூர்லா பிராந்த் குரோவ்லன். யோசிக்காமல் சொல்லுவேன்.

நான் இருப்பது ஒஸ்லோவில், குரூருட் பள்ளத்தாக்குப் பக்கம். வார நாட்களில் வேறு வேலை. சனி, ஞாயிறு என்றால் எங்கள் ஆட்களின் கலியாணவீடு, சாமத்தியவீடு, பிறந்தநாள் என்று கமராவைத் தூக்கிக்கொண்டு போய்விடுவேன். பதினாலு வருடமாக இதுதான். சினிமாவில் நான் வேலை செய்ததில்லை. ஆனால் கமராவைப் பிடித்துக்கொண்டு நாலு மணித்தியாலம் நின்றால் முதுகு என்ன சொல்லும், ஒரு பக்கம் திரும்பிய நேரத்தில் மற்றப் பக்கம் என்னென்ன நடந்து முடிந்துவிடும் என்பதெல்லாம் எனக்கு நன்றாகத் தெரியும். இந்த மனிதரின் வேலை என்னைப் பிடித்து வைத்திருப்பதற்கு அதுவும் ஒரு காரணம்.

குரோவ்லன் 1980 இல் பிறந்தவர். நோர்வேக்காரர் என்றாலும் படித்தது டென்மார்க்கின் தேசியத் திரைப்படப் பள்ளியில்; 2011 இல் முடித்தார். அங்கிருந்து வெளிவந்து நாலே வருடத்தில் உலகம் முழுக்கப் பெயர் தெரிந்துவிட்டது. அதற்குக் காரணம் 'விக்டோரியா' என்ற ஜேர்மன் படம். இயக்குநர் செபஸ்தியான் ஷிப்பர்.

படம் 138 நிமிடம். ஒரே ஷாட். நடுவில் இருட்டுச் சுவரைக் காட்டி ஒட்டிய இடம்கூட இல்லை. 2014 ஏப்ரல் 27 அதிகாலை நாலரை மணி அளவில் பேர்லினில் ஒரு நிலவறை நடனக் கிளப்புக்குள் கமராவை ஓட விட்டார்கள், காலை ஏழு மணி அளவில் நிறுத்தினார்கள். இடையில் இருபத்திரண்டு இடங்கள்: கிளப், தெரு, கடை, மொட்டைமாடி, கஃபே, கார், நிலத்தடி வாகனத் தரிப்பிடம், வங்கி வாசல், திரும்பவும் கிளப், அடுக்குமாடி வீடு, ஹோட்டல். இவ்வளவுக்கும் கமரா ஒரே ஒருவருடைய கையில். அவர்தான் குரோவ்லன்.

கதை சிக்கலானது அல்ல. ஸ்பெயினிலிருந்து பேர்லினுக்கு வந்து கஃபேயில் வேலை செய்கிற ஒரு பெண், விடியப்புறம் கிளப்பிலிருந்து வெளியே வரும்போது நாலு பெடியன்களைச் சந்திக்கிறாள். சிரிப்பும் சேட்டையுமாகத் தொடங்குவது வங்கிக் கொள்ளையில் போய் நிற்கிறது. திரைக்கதை வெறும் பன்னிரண்டு பக்கம். வசனத்தை நடிகர்கள் அந்தந்த நேரத்தில் தாங்களாகவே கதைத்தார்கள். அதாவது அடுத்த வார்த்தை யார் வாயிலிருந்து வரும் என்பது கமராக்காரருக்குத் தெரியாது.

எடுத்த விதமும் சொல்ல வேண்டியது. பணம் போட்டவர்களுக்கு இந்த யோசனை பயமாக இருந்தது. அதனால் வழக்கம்போல் வெட்டி ஒட்டக்கூடிய ஒரு பதிப்பையும் தருவதாக இயக்குநர் ஒப்புக்கொண்டிருந்தார். பத்துப் பத்து நிமிடத் துண்டுகளாக ஒத்திகை பார்த்து, அவற்றை எடுத்தும் வைத்தார்கள். பிறகு முழுப் படத்தையும் ஒரே மூச்சில் எடுக்க மூன்று தடவைக்குத்தான் காசு இருந்தது. முதல் தடவை எல்லோரும் பிழை வந்துவிடக்கூடாது என்று கவனமாக நடித்ததில் படத்தில் உயிர் இல்லை. இரண்டாவது தடவை அதற்கு எதிர்மாறு, கட்டு மீறிப் போய்விட்டது. நாம் பார்ப்பது மூன்றாவதை.

கமரா கனொன் சி300. பெரிய சினிமாக் கமராக்களோடு ஒப்பிட்டால் சின்னது, பாரம் குறைந்தது, நீண்ட நேரம் நிறுத்தாமல் பதிவு செய்யும். காருக்குள் நடிகர்களோடு இன்னொரு ஆளாக நுழைந்து உட்காரலாம். பழைய பிலிம் கமராவில் ஒரு சுருள் பத்துப் பதினொரு நிமிடத்தில் முடிந்துவிடும்; அதை வைத்து இப்படி நிறுத்தாமல் எடுத்திருக்கவே முடியாது.

வெளிச்சத்தையும் நினைத்துப் பாருங்கள். கிளப்பில் வெட்டி வெட்டி அடிக்கிற விளக்கு. வெளியே வந்தால் மங்கலான தெரு. பிறகு மொட்டைமாடி இருட்டு. முடிவில் முழுப் பகல். ஒரு கலியாண மண்டபத்தின் உள்ளே இருந்து வாசலுக்கு வருகிற மணமக்களைத் தொடர்ந்து எடுத்தால்கூட, அந்தப் பத்து அடிக்குள் படம் வெளுத்துப் போகாமல் பிடிக்க எனக்குப் பல வருடம் பழக வேண்டியிருந்தது. இவர் ஒரு நகரத்தின் இரவை அப்படியே விடியலுக்குள் கொண்டு போயிருக்கிறார், நிறுத்தாமல்.

வெட்டாமல் எடுத்ததைப் பற்றி எல்லோரும் பேசினார்கள். என்னைப் பொறுத்தவரை அதைவிடப் பெரிய விஷயம் ஒன்று இருக்கிறது. சாதாரணப் படத்தில் எடிட்டர் மேசையில் இருந்து செய்கிற வேலை முழுவதும் இங்கே ஒளிப்பதிவாளரின் கால்களுக்கு வந்துவிடுகிறது. கிட்டப் போனால் அது குளோசப். இரண்டு அடி பின்னால் வந்தால் எல்லோரும் தெரிவார்கள். ஒரு முகத்திலிருந்து இன்னொரு முகத்துக்குத் திரும்பினால் அதுதான் வெட்டு. எந்த நொடியில் யாரைப் பார்ப்பது என்று அவர் முடிவு எடுத்துக்கொண்டே ஓடுகிறார். பிழைத்தால் திருத்த மேசை இல்லை.

வங்கிக் கொள்ளைக் காட்சிதான் எனக்கு அதைப் புரிய வைத்தது. பெடியன்கள் வங்கிக்குள் ஓடுகிறார்கள். எந்தப் படமாக இருந்தாலும் கமராவும் பின்னால் ஓடும், நாங்களும் அதைத்தான் எதிர்பார்ப்போம். குரோவ்லனின் கமரா காரிலேயே இருக்கிறது. ஓட்டுநர் இருக்கையில் தனியாகக் காத்திருக்கிற விக்டோரியாவின் முகத்தை மட்டும் பார்க்கிறது. உள்ளே என்ன நடக்கிறது என்று அவளுக்கும் தெரியாது, எங்களுக்கும் தெரியாது. வங்கியின் உள்ளே ஒரு நொடிகூட நாங்கள் பார்ப்பதில்லை. அந்தக் காத்திருப்பு, நான் பார்த்த எந்தத் துப்பாக்கிச் சண்டையைவிடவும் நெஞ்சைப் பிசைந்தது. இயக்குநர் போட்ட திட்டம்தான் அது, சரி. ஆனால் அந்த முகத்தில் வருகிற ஒவ்வொரு மாற்றத்தையும் கவனித்துக்கொண்டு, அவளுக்கு மூச்சு முட்டும்போது விலகாமல், அவளை நெருக்கவும் செய்யாமல் பக்கத்தில் இருந்த ஆள் குரோவ்லன்.

இந்த இடத்தில் என்னுடைய ஒரு விஷயத்தைச் சொல்ல வேண்டும். பல வருடங்களுக்கு முன் ஒரு கலியாணவீடு. தாலி கட்டுகிற நேரம், என் கமரா உட்பட எல்லாக் கமராவும் தாலியைத்தான் பார்த்தது. கொஞ்ச நாள் கழித்து மணமகளின் தாய் என்னைக் கூப்பிட்டு, "தம்பி, அந்த நேரம் இவர் அழுதவர், அது வீடியோவில் இருக்கா?" என்று கேட்டார். இல்லை. மனுசன் தூணுக்குப் பக்கத்தில் திரும்பி நின்று கண்ணைத் துடைத்திருக்கிறார், நான் இரண்டு அடி தள்ளி நின்றிருக்கிறேன். அந்தத் தகப்பன் இப்போது உயிரோடு இல்லை. 'விக்டோரியா'வை நான் பார்த்தது அதற்குப் பிறகுதான். அந்தக் கார்க் காட்சி முடிந்தபோது எனக்கு நினைவு வந்தது அந்தத் தூண். அதன் பிறகு தாலி கட்டும் நேரத்தில் ஒரு கமராவைத் தாலிக்கு விட்டுவிட்டு, நான் முகங்களைத் தேடிப் போகிறேன்.

2015 பெப்ரவரியில் பேர்லின் திரைப்பட விழாவில் இந்த ஒளிப்பதிவுக்காக அவருக்கு அந்த விழாவின் பெரிய பரிசுகளில் ஒன்றான வெள்ளிக் கரடி கிடைத்தது. அதே வருடம் ஜேர்மன் திரைப்பட விருதுகளில் படம் ஆறு விருதுகளை அள்ளியது. ஒளிப்பதிவும் அதில் ஒன்று. ஒஸ்காரின் வெளிநாட்டு மொழிப் பிரிவுக்கு மட்டும் போக முடியவில்லை, வசனத்தில் ஆங்கிலம் கூடிப் போய்விட்டது என்று தடுத்துவிட்டார்கள். இதையெல்லாம்விட எனக்குப் பிடித்தது படத்தின் கடைசியில் பெயர்கள் வரும் இடம். இயக்குநரின் பெயருக்கும் முன்னால் முதலாவதாக வருகிற பெயர் ஸ்தூர்லா பிராந்த் குரோவ்லன். அப்படி ஒரு மரியாதையை நான் வேறு எந்தப் படத்திலும் பார்த்ததில்லை.

இவ்வளவு பேர் வாங்கிய பிறகு வேறு யாராவது இருந்தால் 'ஓடுகிற கமரா' என்பதையே முத்திரையாக்கிக்கொண்டு பத்து வருடம் ஓட்டியிருப்பார்கள். பேர்லினில் கரடி வாங்கி மூன்று மாதத்தில், மே மாதம், பிரான்சின் கான் திரைப்பட விழாவில் அவர் ஒளிப்பதிவு செய்த இன்னொரு படம் வந்தது. ஐஸ்லாந்துப் படம், 'ஹ்ரூத்தார்', அதாவது கடாக்கள். இயக்குநர் கிரிமுர் ஹாகொனார்சன். அதற்கு அந்த விழாவின் பிரதான போட்டிக்கு அடுத்த பிரிவான 'அன் செர்ட்டன் ரிகார்' பிரிவின் முதற் பரிசு கிடைத்தது.

இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால் ஒரே ஆள் எடுத்தது என்று நம்ப முடியாது. அங்கே நகரம், இங்கே ஆளே இல்லாத பள்ளத்தாக்கு. அண்ணனும் தம்பியும் அடுத்தடுத்த வீட்டில் இருக்கிறார்கள், நாற்பது வருடமாகக் கதைப்பதில்லை. அவசரம் என்றால் நாயின் வாயில் கடிதம் கொடுத்து அனுப்புகிறார்கள். அவர்களுடைய செம்மறிகளுக்கு ஸ்க்ரேப்பி என்ற நோய் வந்து, பள்ளத்தாக்கில் உள்ள மந்தை முழுவதையும் அழிக்க உத்தரவு வருகிறது. குரோவ்லன் இங்கே கமராவை ஊன்றி வைத்துவிடுகிறார். தூரத்தில் இரண்டு வீடு, நடுவில் பனி, அவ்வளவுதான். குடித்துவிட்டுப் பனியில் விறைத்துக் கிடக்கிற அண்ணனைத் தம்பி உழவு இயந்திரத்தின் முன் வாளியில் அள்ளிக்கொண்டு போய், மருத்துவமனை வாசலில் கொட்டிவிட்டுத் திரும்புகிற காட்சி ஒன்று இருக்கிறது. கமரா தள்ளி நின்று பார்க்கிறது. கிட்டப் போயிருந்தால் அது வெறும் பகிடியாகியிருக்கும். தள்ளி நின்றதால் சிரிப்பும் வருகிறது, அந்த நாற்பது வருடக் கோபத்துக்குள்ளே இன்னும் அறுந்து போகாத ஒன்று இருப்பதும் தெரிகிறது.

அப்போதுதான் எனக்கு விளங்கியது. அவருக்கு என்று ஒரு 'ஸ்டைல்' கிடையாது. அந்த மனிதர்களுக்கு எவ்வளவு தூரம் வேண்டுமோ அவ்வளவு தூரத்தில் நிற்கிறார். இருபது வயதுப் பெண் பயத்தில் இருந்தால் தோளோடு தோள். வாய் திறக்காத கிழவர்கள் என்றால் வேலிக்கு வெளியே.

2020 அவருக்கு ஆச்சரியமான வருடம். ஜனவரியில் அமெரிக்காவின் சன்டான்ஸ் திரைப்பட விழாவில் மட்டும் இரண்டு அமெரிக்கப் படங்கள், 'ஷேர்லி'யும் 'வெண்டி'யும். பெப்ரவரியில் பேர்லினில் 'லாஸ்ட் அன்ட் ஃபர்ஸ்ட் மென்'. இது ஐஸ்லாந்து இசையமைப்பாளர் யோஹான் யோஹான்சன் இயக்கிய ஒரே முழுநீளப் படம். வெளிவருவதற்கு இரண்டு வருடம் முன்பே, 2018 இல், அவர் இறந்துவிட்டார். 16 மில்லிமீற்றர் கறுப்பு வெள்ளை. பழைய யூகோஸ்லாவியாவில் போர் நினைவாக எழுப்பிய பிரமாண்டமான கொங்கிரீட் சின்னங்களை மட்டும் படம் முழுக்கக் காட்டுகிறார்கள், பின்னணியில் நடிகை டில்டா ஸ்வின்டனின் குரல். மனிதர் ஒருவரும் இல்லை. முகங்களைத் தேடுகிறவர் என்று நான் சொன்ன ஆள் முகமே இல்லாத படத்தை எடுத்திருக்கிறாரே என்று பார்க்க உட்கார்ந்தேன். மெல்ல மெல்ல நகர்கிற அந்தக் கமராவில் ஒவ்வொரு கல்லும் வயதான ஒருவரின் முகம் மாதிரித்தான் வருகிறது: பாசி, வெடிப்பு, நிழல். பொறுமை இல்லாதவர்களுக்கு இந்தப் படம் ஒத்து வராது. எனக்குப் பிடித்தது.

அதே வருடம் இலையுதிர் காலத்தில் டென்மார்க் இயக்குநர் தோமஸ் வின்டர்பெர்க்கின் 'துருக்', ஆங்கிலத்தில் 'அனதர் ரவுண்ட்'. இதைத்தான் எல்லோருக்கும் தெரியும். அடுத்த வருடம் சிறந்த சர்வதேசப் படத்துக்கான ஒஸ்கார் வாங்கியது. இரத்தத்தில் எந்நேரமும் கொஞ்சம் மது இருந்தால் வாழ்க்கை நன்றாக இருக்குமா என்று நாலு பள்ளிக்கூட ஆசிரியர்கள் பரிசோதித்துப் பார்க்கிற கதை. படப்பிடிப்பு தொடங்கிய சில நாட்களிலேயே வின்டர்பெர்க்கின் மகள் இடா கார் விபத்தில் இறந்துபோனார். படத்தை அவருக்குத்தான் காணிக்கை ஆக்கியிருக்கிறார்கள். அந்தத் துக்கத்துக்கு நடுவில் எடுத்த படம் என்பதை மனதில் வைத்துக்கொண்டு பாருங்கள்.

அதில் ஆரம்பத்தில் ஒரு இரவு விருந்து வரும். நண்பரின் நாற்பதாவது பிறந்தநாள். ஆசிரியர்களில் ஒருவராக நடிக்கிற மட்ஸ் மிக்கெல்சன் தண்ணீர்தான் குடிக்கிறார். மற்றவர்கள் கட்டாயப்படுத்த ஒரு மிடறு எடுக்கிறார், இன்னொன்று எடுக்கிறார், கண் கலங்குகிறது. கமரா கைப்பிடியில் அவருடைய முகத்துக்கு மிகக் கிட்ட நிற்கிறது, மேசையில் பக்கத்துக் கதிரையில் இருக்கிற நண்பனின் தூரத்தில். பல வருடமாக உள்ளே பூட்டி வைத்திருந்த ஒன்று வெளியே வருவதை வசனம் இல்லாமலே பார்க்கிறோம். கடைசியில் கொப்பன்ஹேகன் துறைமுகக் கரையில் அதே மனிதர் ஆடுகிறார். அங்கே கமரா விலகி இடம் விடுகிறது, கால் முதல் தலை வரை ஆட விடுகிறது. மிக்கெல்சன் நடிகராவதற்கு முன் தொழில்முறை நடனக்காரர். அந்த உடம்பு என்ன செய்யும் என்று தெரிந்தே கமரா விலகி நின்ற இடம் அது.

கடைசியாக, எனக்கு மிக நெருக்கமான படம். 2021 இல் வந்த 'தி உஸ்கில்திகெ', அப்பாவிகள் என்று அர்த்தம். எஸ்கில் வோக்ட் இயக்கியது. எங்கள் பள்ளத்தாக்கில் உள்ள ரொம்சோஸில் எடுத்தது. காட்டுக்கு நடுவில் அடுக்குமாடிகள், கீழே விளையாட்டிடம், பாறைக்குள் குடைந்த சுரங்க ரயில் நிலையம். குரூருட் பள்ளத்தாக்கில் எங்கள் தமிழ்ச் சனம் நிறைய இருக்கிறது. அந்த மாதிரிப் படிக்கட்டுகளில் எத்தனை சனிக்கிழமைகள் கமராவோடு ஏறி இறங்கியிருப்பேன். இருந்தும் படத்தில் பார்த்தபோது அது எனக்குத் தெரியாத இடமாக இருந்தது.

என்ன செய்தார் என்று இரண்டாம் தடவை கவனித்துப் பார்த்தேன். கமரா பெரும்பாலும் பிள்ளைகளின் உயரத்தில் நிற்கிறது. ஒன்பது வயதுப் பிள்ளைக்கு ஒரு படிக்கட்டு எவ்வளவு பெரியது, ஒரு லிப்ட் கதவு எவ்வளவு பாரம் என்பது அந்த உயரத்தில்தான் தெரியும். விரல், முழங்கால் காயம், மண், எறும்பு என்று எல்லாம் மிகக் கிட்ட. கதை பயங்கரமானது: விசித்திர சக்தி வந்த பிள்ளைகள், அதில் ஒருவன் கொடுமையாக மாறுகிறான். அந்தப் பயம் பெரும்பாலும் பகல் வெளிச்சத்தில் வருகிறது. இங்கே ஜூன் மாதத்தில் இரவு பத்தரைக்கும் வெயில் இருக்கும், பிள்ளைகள் வெளியேதான் நிற்பார்கள், பெற்றோர் யன்னலால் எட்டிப் பார்த்தால் எல்லாம் நன்றாகத்தான் தெரியும். அந்த நல்ல வெளிச்சத்தையே அவர் பயமாக்கிவிட்டார். பூனை வருகிற காட்சி ஒன்று இருக்கிறது, இளகிய மனம் உள்ளவர்கள் அதைத் தாண்டிவிடுங்கள்.

ஒரே ஷாட் என்று பேச்சு வந்ததால் இன்னும் இரண்டு நோர்வேக்காரர்களையும் சொல்லிவிடுகிறேன். பெஞ்சமின் லோப் 2020 இல் 'பீசஸ் ஒஃப் எ வுமன்' படத்தில், வீட்டில் நடக்கும் ஒரு பிரசவத்தை இருபது நிமிடத்துக்கு மேல் வெட்டாமல் எடுத்தார். மார்ட்டின் ஒட்டர்பெக் 2018 இல் எரிக் பொப்பே இயக்கிய படத்தில், உத்தோயா தீவில் இளைஞர் முகாம் மீது நடந்த துப்பாக்கித் தாக்குதலை 72 நிமிடம் ஒரே ஷாட்டில் எடுத்தார். 2011 ஜூலை 22 அன்று அந்தத் தீவில் தாக்குதல் நீடித்த நேரமும் அதேதான். அறுபத்தொன்பது பேர் அங்கே கொல்லப்பட்டார்கள். எங்கள் தமிழ்ப் பெண் ஹம்சாயினி குணரட்ணம் அன்று நீந்தித் தப்பியவர். பிறகு ஒஸ்லோவின் துணை மேயர் ஆனார். ஒட்டர்பெக்குக்கு அந்த வேலைக்காக ஐரோப்பிய ஒளிப்பதிவாளர் விருது கிடைத்தது. நான் ஒரு தடவைதான் பார்த்தேன், திரும்பப் பார்க்க மனம் வரவில்லை.

குரோவ்லனிடம் எதிலிருந்து தொடங்குவது என்று கேட்டால், 'துருக்' பார்த்திருப்பீர்கள், அதனால் 'விக்டோரியா'வுக்குப் போங்கள். இரவில், போனை அடுத்த அறையில் வைத்துவிட்டு, நிறுத்தாமல் பாருங்கள். முதல் அரை மணித்தியாலம் ஒன்றும் நடக்காத மாதிரி இருக்கும். பொறுத்துக்கொள்ளுங்கள், அந்தப் பெடியன்களை உங்களுக்குப் பிடிக்க வேண்டும் என்பதற்காக எடுத்துக்கொண்ட நேரம் அது. முடிந்ததும் உடனே அணைத்துவிடாதீர்கள். கறுப்புத் திரையில் முதலில் வருகிற பெயரைப் பார்த்துவிட்டு எழும்புங்கள்.